சப்பாத்துக்கு வாகனப் பூசை

இன்று காலை சுங்கைப் பட்டாணியில், கோயில் வாசலில் என் புதுக் காருக்குப் பூசை. எனக்கு முன்னால் ஒரு பள்ளி மாணவியும் அவள் அப்பாவும். வண்டி எதையும் காணோம். அப்பா பையிலிருந்து எடுத்தது ஒரு ஜோடி ஐஸ் ஸ்கேட்டிங் சப்பாத்து.

"சப்பாத்துக்கு எப்படிப்பா பூசை போடறது?" என்றார் குருக்கள்.

"இதுவும் ஓடுற வண்டிதான் சாமி. அடுத்த வாரம் இவளுக்குப் பனியில ஆடுற போட்டி."

அப்பாவுக்குப் பக்கத்து ஊரான குருணில் ஒரு தொழிற்சாலையில் வேலையாம். எங்கள் ஊரில் பனித்தளம் இல்லாததால் வாராவாரம் மகளை பஸ்ஸில் கோலாலம்பூருக்குக் கூட்டிப் போகிறாராம்.

குருக்கள் சப்பாத்துக்குப் பொட்டு வைத்தார். பிறகு, கார் டயருக்கு வைப்பதுபோல் அதன் பிளேடுக்கு அடியில் எலுமிச்சம்பழத்தை வைக்கப் போனார்.

"பழம் வேணாம்லா சாமி. சாறு பட்டா பிளேடு துரு புடிச்சிரும்," என்றாள் அந்தப் பெண்.

அவர் சிரித்துக்கொண்டே பழத்தை அவள் கையில் கொடுத்தார். "கீழ விழாம ஆடணும்னு வேண்டிக்கம்மா."

"விழத்தான் செய்வேன் சாமி. உடனே எந்திரிச்சி மிச்சத்தையும் ஆடி முடிச்சிரணும். அதத்தான் வேண்டிக்கிட்டேன்."

பின்னால் நின்ற நான், காரில் ஒரு கீறல்கூடப் படக்கூடாதென்று வேண்டிக்கொண்டிருந்தேன்.

என் முறை வந்ததும் வேண்டுதலை மாற்றிக்கொள்ளலாமா என்று யோசித்தேன். மாற்றவில்லை. அந்தத் தைரியம் எனக்கு இல்லை. உங்களில் யாருக்காவது இருக்கிறதா?