என்னைக் கைது செய்யாத நான்கு நாட்கள்

யுத்தத்தை எதிர்த்து 1941இல் நடந்த தனிநபர் சத்தியாகிரகத்துக்கு ஒரு விதி இருந்தது. எந்த நாள், எத்தனை மணிக்கு, எந்த இடத்தில் நின்று என்ன சொல்லப்போகிறோம் என்பதை முன்கூட்டியே அதிகாரிகளுக்கு எழுதி அனுப்பிவிட வேண்டும். எனக்கு அந்த விதி பிடித்திருந்தது. படையிலிருந்து விடுப்பில் வந்திருந்த அண்ணனுக்கு அது சிரிப்பாக இருந்தது.

“ஒன்பது மணிக்கு வாரேன், பிடிச்சுக்கோங்கன்னு போலீசுக்கே காயிதம் போடுறியாக்கும். யுத்தத்துக்கு ஆள் குடுக்கக் கூடாதுன்னு நீ சொன்னா, என்னைத் திருப்பி அனுப்பிருவாங்களா?”

“அனுப்பினா நல்லதுதான்” என்றேன்.

எனக்கு அப்போது இருபத்து நான்கு வயது. மதுரையில் பயிற்சி முடித்துச் சான்றிதழ் பெற்ற மருத்துவச்சி. ராஜபாளையத்தில் ஒரு பிரசவ விடுதியில் வேலை. வாரம் இரண்டு நாள் பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் போய்வருவேன். என் பொறுப்பில் பதினொரு கர்ப்பிணிகள் இருந்தார்கள். அவர்களை அப்படியே விட்டுவிட்டுச் சிறைக்குப் போக முடியாது. எனவே பெயர் போடாமல், தெருவும் வீடும் மட்டும் குறித்து, மாதம், குழந்தை கிடக்கும் நிலை, கவனிக்க வேண்டியவை என்று ஒரு பட்டியல் தயாரித்து விடுதியிலிருந்த மற்றொரு நர்ஸிடம் ஒப்படைத்தேன்.

அதோடு நின்றிருக்கலாம். வேலையை நட்டாற்றில் விட்டுப் போனாள் என்று நாளை யாரும் சொல்லக் கூடாதே என்று, அந்தப் பட்டியலின் பிரதி ஒன்றையும் போலீஸ் நிலையத்துக்கு அனுப்பிய அறிவிப்போடு இணைத்துவிட்டேன். ஒரு நோயாளியின் விஷயத்தை அவள் சம்மதமில்லாமல் வெளியில் விடக் கூடாது என்பது எங்களுக்குச் சொல்லிக் கொடுத்த முதல் பாடம். ஒழுங்காக இருக்க வேண்டும் என்ற வேகத்தில் அதையே மீறினேன்.

ஸ்ரீவில்லிபுத்தூர் தேரடியில் சொன்ன நேரத்துக்குப் போய் நின்றேன். பையில் இரண்டு கதர்ச் சேலை, நூல் நூற்கும் தக்ளி, வேதப்புத்தகம், சோப்பு, சீப்பு, தொப்புள்கொடி வெட்டும் கத்தரிக்கோல். சிறையிலும் பெண்கள் பிள்ளை பெறுவார்கள் அல்லவா? “இந்த யுத்தத்துக்கு ஆளும் பணமும் கொடுப்பது தவறு” என்று மூன்று முறை உரக்கச் சொன்னேன். கூட்டம் கூடியது. பால்கோவாக் கடைக்காரர் கரண்டியோடு வெளியே வந்து நின்றார். ஏட்டையா சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்தார்.

“வெயில்ல நிக்காதீங்க நர்ஸம்மா. வீட்டுக்குப் போங்க.”

“கைது செய்யுங்க.”

“உத்தரவு இல்லையே.”

“ஏலே, நம்மளை மட்டும் சந்தையில சும்மா நின்னாலே பிடிக்காக. இந்தம்மா பிடிங்கன்னு கெஞ்சியும் மாட்டேங்காக” என்று கூட்டத்தில் ஒருவர் சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள். நான் அங்கேயே நின்றேன். பத்து மணி, பதினோரு மணி. யாரும் வரவில்லை.

என் பேச்சு சட்டத்தை மீறுகிறதா இல்லையா? மீறுகிறது என்றால் பிடிக்க வேண்டும். என்னை மட்டும் விட்டுவைத்தால், நான் சொன்னது ஒரு பெண்பிள்ளையின் பிதற்றல் என்று ஆகிவிடும். அதை நான் ஒப்புக்கொள்வதாக இல்லை. கைது செய்யாவிட்டால் ஊர் ஊராக அதையே சொல்லிக்கொண்டு டெல்லியை நோக்கி நடக்க வேண்டும் என்பதும் விதி. பையை எடுத்துக்கொண்டு வடக்கே நடந்தேன்.

ஏட்டையா சைக்கிளில் பின்னாலேயே வந்தார். நான் பேசினால் நோட்டில் எழுதிக்கொள்வார். நடந்தால் சைக்கிளை உருட்டுவார். கிருஷ்ணன்கோவிலில் பேசினேன். வத்திராயிருப்பில் பேசினேன். வ. புதுப்பட்டியில் நாற்று நட்டுக்கொண்டிருந்த ஒருத்தி நிமிர்ந்து, “ஏட்டி, டெல்லி எம்புட்டுத் தூரம் இருக்கும்?” என்று கேட்டாள்.

“ஆயிரத்தைந்நூறு மைலுக்குக் குறையாது.”

“அம்புட்டுத் தூரமும் இந்த ஏட்டையாவும் வருவாரா?”

“அவுக பிடிக்கிற வரைக்கும்.”

“பாவம், அவருக்குக் கொஞ்சம் மோர் குடு” என்று பக்கத்திலிருந்தவளிடம் சொன்னாள். ஏட்டையா வாங்கிக் குடித்தார். குடித்துவிட்டு, எனக்கு மட்டும் கேட்கும்படி, “எங்க ஐயா உங்க லிஸ்டைப் படிச்சுட்டாரும்மா. அதுல ஏழாவதா இருக்கிற வீடு” என்றார்.

பட்டியலில் ஏழாவது: போலீஸ் லைன், மூன்றாம் வீடு. ஒன்பதாம் மாதம். தலை திரும்பவில்லை, பிட்டம் கீழே. முதல் குழந்தை பிரசவத்தில் இறந்தது. அது சப்இன்ஸ்பெக்டரின் வீடு என்பது எனக்குத் தெரியும். குழந்தை கிடக்கும் நிலையை அவள் கணவனிடம் சொல்லவில்லை என்பதுதான் தெரியாது. அவர் என் பட்டியலில் படித்துத் தெரிந்துகொண்டிருக்கிறார்.

நான்காம் நாள் காலையில் வாடகைக் கார் ஒன்று எங்களுக்கு முன்னால் வந்து நின்றது. சப்இன்ஸ்பெக்டர் சீருடை இல்லாமல் இறங்கினார். “விடியக்காலம் வலி எடுத்துட்டு. உங்களைத்தான் கேக்கா” என்றார். அவர் முகத்தைப் பார்த்தேன். பேரம் பேச எனக்குத் தோன்றவில்லை. காரில் ஏறிக்கொண்டேன்.

பிட்டம் முதலில் வரும் பிரசவத்தில் இழுக்கக் கூடாது. உடம்பு தானாக இறங்கும்வரை கை வைக்காமல் காத்திருக்க வேண்டும். தலைக்கு மட்டுமே உதவ வேண்டும். இதைச் சொல்வது சுலபம். கால்கள் வந்தன, முதுகு வந்தது, தோள்கள் வந்தன. தலை வர எடுத்த நேரம் என் வாழ்க்கையில் நீளமானது. நடுப்பகலில் பெண் குழந்தை பிறந்து, கொஞ்சம் யோசித்து, பிறகு அழுதது.

கையைக் கழுவிக்கொண்டு முன்னறைக்கு வந்தேன். சப்இன்ஸ்பெக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

“இப்போ என்னைக் கைது செய்யுங்க.”

“அம்மா, இன்னைக்கு எனக்கு எப்படி மனசு வரும்? வீட்டுக்குப் போங்க. இந்தப் பேச்செல்லாம் விடுங்க. உங்க கையி தெய்வக் கையி.”

“கை இருக்கட்டும். வாயால சொன்னதுக்கு என்ன பதில்?”

உள்ளேயிருந்து அவர் மனைவியின் குரல் வந்தது, களைத்துப்போய், ஆனால் தெளிவாக.

“ஏங்க, என்னைச் சாக்கு வச்சு அவியளை ரோட்டுல அலைய விட்டீக. நான் பெத்தாச்சு. அவிய கேக்கிறதைச் செய்யுங்க.”

அறைக்குள் போய், பட்டியலை அனுப்பியது என் தவறு என்று அவளிடம் சொன்னேன். “நான்தான் அவியட்ட சொல்லாம மறைச்சேன். பொறவு பேசிக்கிடலாம், போயிட்டு வாங்க” என்றாள். குழந்தை அவள் மார்பில் தூங்கிக்கொண்டிருந்தது.

நிலையத்தின் வாசலில் நின்று அந்த வாக்கியத்தை மறுபடியும் சொன்னேன். இம்முறை சப்இன்ஸ்பெக்டர் சீருடையில் இருந்தார். மேஜைக்கு எதிரே என்னை நிற்க வைத்து எழுத ஆரம்பித்தார். தொழில் என்ற இடத்தில் ‘இல்லை’ என்று எழுதினார்.

“தப்பு. சான்றிதழ் பெற்ற மருத்துவச்சி. அடிச்சுட்டு எழுதுங்க.”

அடித்துவிட்டு எழுதினார். பிறகு கைதியின் உடைமைகள்: சேலை இரண்டு, தக்ளி ஒன்று, வேதப்புத்தகம் ஒன்று, சோப்பு, சீப்பு. கையெழுத்துப் போடும்படி தாளை என் பக்கம் திருப்பினார். படித்துப் பார்த்தேன்.

“ஒண்ணு குறையுது. கத்தரிக்கோல். உங்க வீட்டு அடுப்புல வெந்நீர்ல கிடக்கு.”

ஏட்டையா சைக்கிளில் போய் அதை எடுத்து வந்தார். சூடு ஆறாமல் இருந்தது. பட்டியலில் அதையும் சேர்த்து எழுதிய பிறகே கையெழுத்துப் போட்டேன்.