ஒலிச்சித்திரத்தில் தலையாட்டல் கேட்காது

காதல், சிரிப்பு, கல்யாணம் என்று ஒரு படம் டிவியில் ஓடினால் எனக்கு இன்றும் பற்றிக்கொண்டு வரும். சிரிக்கத் தெரியாதவள் என்று பிள்ளைகள் கேலி செய்வார்கள். செய்துவிட்டுப் போகட்டும்.

எழுபதுகளில் மூணாறுக்கு மேலே தேயிலை எஸ்டேட்டில், லயம் என்கிற தொழிலாளர் வரிசை வீடுகளில் இருந்தோம். வீட்டுப் பெண்களைத் தியேட்டருக்குக் கூட்டிப்போகிற வழக்கம் அப்பாவுக்குக் கிடையாது. எங்களுக்குப் படம் என்றால் ஞாயிறு மதியம் ரேடியோவில் வரும் ஒலிச்சித்திரம்தான். வசனத்தையும் பாட்டையும் மட்டும் ஒரு மணி நேரத்துக்குச் சுருக்கிப் போடுவார்கள். லயத்துப் பெண்கள் எங்கள் வாசலில் கூடிவிடுவார்கள். கதாநாயகி என்ன நிறச் சேலை கட்டியிருப்பாள் என்று சண்டைகூட வரும். கண்ணால் பார்க்காத படத்துக்கு அப்படி ஒரு மவுசு.

அக்காவைப் பெண் பார்க்க அடுத்த எஸ்டேட்டிலிருந்து வந்ததும் ஒரு ஞாயிற்றுக்கிழமைதான். எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. மாப்பிள்ளை குடித்துவிட்டுக் கைநீட்டுகிறவர் என்று கொழுந்து கிள்ளும் பெண்கள் சொல்லி அக்காவுக்குத் தெரியும். வந்தவர்களும் காப்பியைக் கையில் வைத்துக்கொண்டு ரேடியோவுக்குக் காது கொடுத்தார்கள். கதாநாயகி தன்னைப் பார்க்க வந்தவர்களை ஒவ்வொருவராகக் கிண்டலடித்து விரட்டினாள். அப்பா தொடையைத் தட்டிச் சிரித்தார். கடைசியில் கதாநாயகன், "என்னைப் பிடிச்சிருக்கா?" என்று கேட்டான். பதில் இல்லை. வெறும் புல்லாங்குழல்.

"தலைய ஆட்டியிருப்பா," என்றார் மாப்பிள்ளையின் அம்மா.

அப்பாவுக்கு உற்சாகம் தாங்கவில்லை. அடுப்படிப் பக்கம் திரும்பி, "ஏட்டி, ஒனக்கும் சம்மதந்தான?" என்று குரல் கொடுத்தார்.

உள்ளே அக்கா தலையை ஆட்டினாள். வேண்டாம் என்று. இரண்டு முறை, கொண்டை அவிழும்படி. நான் பார்த்தேன். அம்மாவும் பார்த்தாள். வெளியே பத்துப் பேர் இருக்க, வாய்விட்டுச் சொல்ல அக்காவுக்குத் தைரியம் வரவில்லை.

"பாத்தியளா, இவளும் சத்தங்காட்டல. சம்மதந்தான்," என்று அந்த அம்மாள் சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள்.

நான் வெளியே ஓடினேன். "அக்காவுக்கு வேண்டாமாம்," என்றேன். அப்பா என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. எட்டி ரேடியோவின் சத்தத்தைக் கூட்டி வைத்தார். கூட்டி வைத்தார்! அறைந்திருந்தால்கூட மறந்திருப்பேன்.

ஆவணியில் கல்யாணம் நடந்தது. அடுத்த ஆடிக்குள் அக்கா உதடு கிழிந்து வந்து வாசலில் நின்றாள். அப்பா அவளையே கேட்டார்: "அன்னைக்கே வாயத் தொறந்து வேண்டாம்னு சொல்லியிருக்கலாம்லா?" அவரிடம் கத்தினேன். அது போதாமல் அடுப்படிக்குப் போய் அம்மாவிடமும் கத்தினேன்.

"நீ பாத்தேல்லா? ஏன் சொல்லல?"

அம்மா அக்காவின் உதட்டுக்கு மஞ்சள் குழைத்துக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை.

"என்னைக் கேட்டப்பயும் நான் அப்படித்தான் ஆட்டுனேன்," என்றாள். "எங்கம்மையும் பாத்துக்கிட்டுதான் நின்னா."