ஏழு பேரும் ஒரு ஸ்டொப் பலகையும்

மேடையில் பேசுகிறவருக்கு மாலை விழும். மேடைக்குக் கதிரை போட்டவனுக்கு முதுகுவலிதான் மிஞ்சும். கோயில் சபை, ஊர்ச் சங்கம், பள்ளிக்கூடப் பெற்றோர் கூட்டம் என்று எங்கேயாவது ஒருநாள் கதிரை அடுக்கியிருந்தால் நீங்களும் என் இனம். எனக்கு அதற்குச் சம்பளம் தந்தார்கள், வித்தியாசம் அவ்வளவுதான்.

மொன்ட்ரியால் தீவில், பெருநகரத்தோடு ஒட்டவைக்கப்பட்டு, 2006இல் மறுபடியும் பிரிந்து வந்த சின்ன நகரங்களில் ஒன்றில் நான் சபை மண்டப உதவியாளன். எந்த நகரம் என்று கேட்காதீர்கள், வேலை செய்த இடம். மாதத்தில் ஒரு திங்கட்கிழமை மாலை ஏழு மணிக்குச் சபை கூடும். கதிரை, மைக், தண்ணீர், பெயர்ப்பலகை, கேள்வி கேட்க வருகிறவர்கள் பெயர் எழுதும் துண்டு எல்லாம் என் பொறுப்பு. மற்ற நாட்களில் மாடிக்கு மாடி கோப்புத் தூக்குவேன். திருகோணமலையில் இருந்த காலத்திலிருந்தே எனக்கு விடுப்புப் பார்க்கும், அதாவது ஊர்ப் புதினம் அறிய எட்டிப் பார்க்கும் குணம் உண்டு. ஒரு நகரத்தை உண்மையில் யார்தான் நடத்துகிறார்கள் என்று விடுப்புப் பார்க்க இதைவிட நல்ல இடம் கிடைக்காது.

தனி மேசை

முதல் கூட்டத்துக்கு எட்டுப் பெயர்ப்பலகைகள் தந்தார்கள். மேயர், ஆறு உறுப்பினர்கள், பிறகு நகர முகாமையாளர். முகாமையாளர் என்றால் பெரிய ஆள்தானே என்று அவருடைய பலகையை மேயருக்கு வலப்பக்கம், நடு மேசையிலேயே வைத்தேன். நம்மூர் விழாக்களில் யாரை எங்கே இருத்துவது என்று சண்டை வருவதைப் பார்த்தவன் நான். மரியாதையில் குறை வைக்கக்கூடாது என்பது என் எண்ணம்.

முகாமையாளர் லொங்குய்யில் இருந்து மெட்ரோவில் வருகிறவர், நெட்டையான மனிதர், சத்தம் போட்டுப் பேசி நான் கேட்டதில்லை. அன்று நேரத்தோடு வந்து, தன் பலகையைத் தானே தூக்கிக்கொண்டு போய்ச் சுவரோரத்தில் இருந்த சின்ன மேசையில் வைத்தார். நான் பதறிப்போய் மன்னிப்புக் கேட்டேன். அவர் ஆறுதலாக விளக்கினார். அந்த ஏழு பேரையும் மக்கள் தெரிவு செய்தார்கள், நகரத்துக்கு என்ன வேண்டும் என்று அவர்கள் தீர்மானிப்பார்கள். அதைச் செய்துமுடிக்க என்னை வேலைக்கு வைத்திருக்கிறார்கள். பனி தள்ளுகிறவரில் இருந்து நீங்கள் வரைக்கும் எல்லோரும் எனக்குக் கீழே, நான் அவர்களுக்குக் கீழே என்றார். போகும்போது சிரித்தார்.

"அந்த மேசையில் இருந்தால் சகவாசதோஷத்தில் நானும் வாக்களிக்கக் கையை உயர்த்திவிடுவேன்."

மச்சானின் விண்ணப்பம்

மொன்ட்ரியால்-நோரில் இருந்த என் மனைவியின் தம்பிக்கு அப்போது வேலை இல்லை. மேயருக்குத் தண்ணீர் ஊற்றுகிறவன் மச்சானாக இருக்கும்போது வேலைக்கு என்ன பஞ்சம் என்று அவன் நினைத்தான். ஆளைப் பிடித்தால் அலுவல் நடக்கும் என்பது நாங்கள் ஊரில் படித்த பாடம். நான் எவ்வளவோ சொல்லியும் கேட்காமல், கோட்டுப் போட்டுக்கொண்டு கூட்டத்துக்கு வந்து, இடைவேளையில் விண்ணப்பத்தை மேயரின் கையிலேயே கொடுத்துவிட்டான். எனக்கு நிலத்துக்குள் புகுந்துவிடலாம் போல இருந்தது.

மேயர் அதை ஒரு வரி விடாமல் வாசித்தார், அதுதான் இன்னும் கொடுமை. பிறகு அவன் தோளில் கைவைத்து, சுவரோர மேசையைக் காட்டினார்.

"ஐயா, நான் இந்த நகரத்தில் வேலைக்கு எடுத்தது அந்த ஒரு மனிதரைத்தான். அதற்கே ஆறு பேரின் சம்மதம் கேட்க வேண்டியிருந்தது."

மூன்று நிமிடம்

பத்மாக்கா எங்கள் ஊர்க்காரி. தன் வீட்டிலேயே ஆறு சின்னப் பிள்ளைகளைப் பார்க்கும் கார்தெரி நடத்தினார். பிள்ளைகள் எல்லோரும் ஒரு நீளக் கயிற்றைப் பிடித்துக்கொள்ள, ஒவ்வொரு நாளும் தெருவைக் கடந்து எதிரே உள்ள பூங்காவுக்குக் கூட்டிப்போவார். அந்தத் தெருவில் மூன்று அடுக்குமாடி முழுக்க நம் சனம். வேலைக்குப் பிந்திப் பறக்கிறவர்களில் பாதிப் பேரும் நம் சனம்தான். ஒருநாள் ஒரு வான் வண்டி, கயிற்றின் கடைசியில் இருந்த பிள்ளையின் தொப்பியைத் தட்டிவிட்டுப் போனது. பிள்ளைக்கு ஒன்றுமில்லை. ஆனால் பத்மாக்காவுக்கு அன்றிலிருந்து கண் மூடினால் அந்தத் தொப்பிதான். சந்தியில் ஒரு ஸ்டொப் பலகை வேண்டும் என்று கேட்க அவர் சபைக்கு வந்தார்.

ஆறரைக்கே வந்து துண்டில் பெயர் எழுதினார். மாலை வகுப்பில் படித்த பிரெஞ்சில், தாளைப் பார்த்து, மூன்று நிமிடத்துக்குள் எல்லாவற்றையும் சொல்லி முடித்தார். மேயர் மிக மரியாதையாகப் பதில் சொன்னார். சபை உங்கள் கவலையைப் பகிர்ந்துகொள்கிறது, முகாமையாளர் இதை ஆராய்ந்து அறிக்கை தருவார், பிறகு சபை பரிசீலிக்கும் என்றார். பத்மாக்கா மெர்சி என்று நன்றி சொல்லிவிட்டு நேரே கதவடியில் நின்ற என்னிடம் வந்தார்.

"தம்பி, அவர் இப்ப ஓம் எண்டவரோ, இல்லை எண்டவரோ?"

டோனட் பெட்டி

அந்தத் தெரு அடங்கிய வட்டாரத்தின் உறுப்பினர் புதிதாகத் தெரிவான ஒரு பெண்மணி, துடிதுடிப்பானவர். பத்மாக்காவின் பேச்சு அவர் மனதைத் தைத்துவிட்டது. ஆராய்ச்சியாவது அறிக்கையாவது, ஒரு தூண், ஒரு பலகை, அரைமணி நேர வேலை என்று நினைத்தார். அடுத்த நாளே நகரத்தின் வேலைத்தளத்துக்கு ஒரு பெட்டி டோனட்டோடு போய், தொழிலாளிகளுக்குத் தலைவரான போர்மனிடம் பலகையை நடச் சொல்லிவிட்டார். நான் அங்கே ஒரு கோப்புக் கொடுக்கப் போயிருந்தபடியால் முழு விடுப்பும் கிடைத்தது.

போர்மன் இருபத்தைந்து வருடமாக அங்கே இருக்கிறவர். டோனட்டை மறுக்கவில்லை. ஒன்றை எடுத்து ஆறுதலாகச் சாப்பிட்டு, விரலைத் துடைத்துக்கொண்டார். உறுப்பினர் ஒருவர் தனியாக வந்து தொழிலாளிக்குக் கட்டளை போட இந்த நகரத்தில் இடமில்லை. எல்லோரும் சேர்ந்து தீர்மானித்து, அது முகாமையாளர் வழியாக இறங்கி வரவேண்டும். இதை அவர் சட்டம் பேசாமல், மூலையில் சாய்ந்திருந்த கடப்பாரையைக் காட்டித் தன் பாணியில் சொன்னார்.

"மேடம், இண்டைக்கு நீங்கள் சொல்லி நான் நடுவன், நாளைக்கு இன்னொருவர் வந்து பிடுங்கச் சொல்லுவார், நீங்கள் ஏழு பேர், என்னட்டை அலவாங்கு ஒண்டுதான்."

கறுப்பு வயர்

மேயர் சொன்னபடி முகாமையாளர் செய்தார். எஞ்சினியரின் ஆட்கள் வந்து, தெருவுக்குக் குறுக்கே ஒரு கறுப்பு ரப்பர்க் குழாயை விரித்து, அதன் நுனியில் இருந்த பெட்டியைச் சங்கிலியால் கம்பத்தில் பூட்டிவிட்டுப் போனார்கள். மேலே ஏறிப்போகும் வாகனங்களை அது எண்ணும். ஒரு கிழமை, ஏழு நாளும் கிடந்தது. பிறகு அறிக்கை வந்தது, அடுத்த கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலோடு வெள்ளிக்கிழமை பொதுவில் ஒட்டப்பட்டது. ஒட்டியவன் நான். அந்தத் தெருவில் வாகனங்கள் மிகக் குறைவு, பலகை தேவையில்லை என்று போட்டிருந்தது.

எனக்கு நம்பமுடியவில்லை. நானே வேலைக்கு அந்தத் தெருவால் போய்வருகிறவன். சனிக்கிழமை பத்மாக்கா வீட்டுக்குப் போய்க் கேட்டேன். அவர் முகம் வெளுத்துவிட்டது. காலையில் எழும்பி ஜன்னலால் பார்த்தபோது, தெருவுக்குக் குறுக்கே கறுப்பு வயர், நுனியில் ஒரு பெட்டி. என்ன ஏது என்று யோசிக்கவில்லை, சண்டைக் காலத்து ஊரில் தெருவில் வயர் கிடந்தால் அது கண்ணிவெடிதான். மூன்று அடுக்குமாடிக்கும் டெலிபோன் எடுத்து, அதால் போகவேண்டாம், பின் தெருவால் போங்கோ என்று சொல்லிவிட்டார். பேந்து யாரோ அது எண்ணுகிற மெசின் என்று சொன்னார்களாம், ஆனாலும் ஒருவரும் பழைய வழிக்குத் திரும்பவில்லை. நான் சிரிக்கத்தான் வாயைத் திறந்தேன். அந்தக் கிழமை நான் எந்த வழியால் வேலைக்குப் போனேன் என்று அப்போதுதான் ஞாபகம் வந்தது. பின் தெருவால். எனக்கு யாரும் டெலிபோன் எடுக்கவில்லை, கை தானாக ஸ்டியரிங்கைத் திருப்பியிருக்கிறது. பிள்ளைகளுக்காகக் கேட்ட பலகையை நானே கெடுத்துவிட்டேன் என்று பத்மாக்கா கதிரையில் இருந்துவிட்டார்.

"வயரைக் கண்டால் மிதியாதை எண்டு சொல்லிச் சொல்லித்தானே தம்பி, என்ரை பிள்ளைகளை உயிரோடை இவ்வளவு தூரம் கொண்டந்தனான்."

யார் தவறு

திங்கட்கிழமை காலை படிக்கட்டில் அந்த உறுப்பினர் எதிரே வந்தார். அவர் காதில் போட்டால் இரவே சபையில் வெடிக்கும். நாக்கு நுனிவரை வந்ததை விழுங்கினேன். வேலைக்காரனுக்கு வழி ஒன்றுதான் என்று அலவாங்குக்காரர் படிப்பித்திருந்தாரே. நேரே முகாமையாளரின் அறைக்குப் போனேன்.

அவர் சாப்பாட்டுப் பெட்டியை மூடிவைத்துவிட்டு முழுவதையும் கேட்டார். வயர் எப்படிக் கிடக்கும், சின்னப் பிள்ளைகளுக்கு அதை எப்படிச் சொல்லிக்கொடுப்பீர்கள், நீங்களும் திருப்பினீர்களா என்று ஒவ்வொன்றாக விசாரித்தார். அவர் கேட்ட விதத்தில் பரிதாபம் இல்லை, அறியும் ஆசைதான் இருந்தது. அதனால் எனக்கும் சொல்ல முடிந்தது. ஆனால் அறிக்கை ஏற்கனவே சபையின் கையில். அதைத் திரும்பக் கேட்பதென்றால் தன் அலுவலகம் பிழைவிட்டது என்று எல்லோர் முன்னும் ஒத்துக்கொள்ள வேண்டும். அவரை வைத்திருப்பதா அனுப்புவதா என்பதும் அதே ஏழு பேரின் கையில்தான், இரண்டு பேர் அவருக்கு எதிராக முணுமுணுத்துக்கொண்டிருந்த காலம் வேறு.

அன்று மாலை அவர் எழுந்து, எண்ணிக்கை சரியில்லை, மறுபடி எண்ண அவகாசம் வேண்டும் என்றார். முணுமுணுப்பவர்களில் ஒருவர் பிடித்துக்கொண்டார். யாருடைய பிழை, எஞ்சினியருடையதா, அந்தத் தெரு ஆட்கள் ஏதும் விளையாடினார்களா, பெயரைச் சொல்லுங்கள் என்று விடாமல் கேட்டார். கடைசி வரிசையில் பத்மாக்கா தலை குனிந்திருந்தார். முகாமையாளர் நேரே மேயரைப் பார்த்துச் சொன்னார்.

"சபைக்குப் பதில் சொல்லும் ஊழியன் இந்த நகரத்தில் ஒருவன்தான், அது நான், ஆகவே தவறு என்னுடையது."

நன்றிக்குத் துண்டு இல்லை

இரண்டாம் தடவை குழாய் விரித்தபோது பத்மாக்கா மறுபடியும் மூன்று அடுக்குமாடிக்கும் டெலிபோன் எடுத்தார். பயப்படாமல் ஏறிப்போங்கோ, ஆனால் ஒருவரும் கூடுதலாக ஒரு தரம்கூட ஓடவேண்டாம், களவு வேலை கூடாது என்று கண்டிப்பாகச் சொன்னார். இந்தத் தடவை அறிக்கை வேறு கதை சொன்னது. சபையில் ஆறு கைகள் உயர்ந்தன, அன்று பெயர் கேட்டு விடாப்பிடியாக நின்றவரின் கை மட்டும் மேசையிலேயே இருந்தது. மறு கிழமை போர்மன் அலவாங்கோடு வந்து பலகையை நட்டார்.

அடுத்த கூட்டத்துக்குப் பத்மாக்கா நன்றி சொல்ல வந்தார். கேள்வி நேரத்தில் கேள்வி மட்டும்தான் கேட்கலாம், நன்றிக்கு விதியில் இடமில்லை என்று நான் சொன்னேன். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டுத் துண்டில் பெயர் எழுதினார். மைக்குக்கு முன்னால் நின்று, இந்தப் பலகைக்காக நான் யாருக்கு நன்றி சொல்லவேண்டும் என்று கேட்டார். மேயர் வட்டார உறுப்பினரைப் பார்த்தார். அவர் முகாமையாளரைப் பார்த்தார். முகாமையாளர் நடு மேசையில் இருந்த ஏழு பேரையும் பார்த்தார். ஒரு சுற்று முடிந்ததும் மேயர் தொண்டையைச் செருமினார்.

"அடுத்த கேள்வி, தயவுசெய்து."

பிரேக்

இது நடந்து ஒரு மாதம் இருக்கும். பகலில் ஒரு விசேட கூட்டம், கதிரை போட நான் பிந்திவிட்டேன். அந்தத் தெருவால் பறந்து வந்து, சந்தியில் ஆளில்லை என்று நினைத்து, கொஞ்சம் வேகத்தைக் குறைத்து அப்படியே உருட்டிக்கொண்டு போகப் பார்த்தேன். அந்தப் பலகை வர வழிசெய்தவனே நான்தான் என்று ஒரு பெருமை வேறு. காருக்கு முன்னால் கயிறு தெரிந்தது. பிரேக்கை மிதித்த மிதியில் பின் சீட்டில் இருந்த மைக் பெட்டி முன்னால் வந்து விழுந்தது.

ஆறு பிள்ளைகளும் கயிற்றைப் பிடித்தபடி என்னைப் பார்த்தார்கள். கடைசிப் பிள்ளை தொப்பியைக் கையால் அமுக்கிக்கொண்டது. நான் ஜன்னலை இறக்கினேன். பத்மாக்கா ஏசவில்லை. பிள்ளைகளை ஒவ்வொருவராக எண்ணி அக்கரை சேர்த்துவிட்டுத் திரும்பி வந்து, குனிந்து என் முகத்தைப் பார்த்தார்.

"தம்பி, உனக்கும் சேர்த்துத்தான் கேட்டனான்."

ஏழு பேர் தீர்மானித்து, ஒருவர் செய்வித்து, இன்னொருவர் அலவாங்கால் நட்டாலும், பிரேக்கை மிதிக்கும் இலாகா மட்டும் இன்னும் நம் காலடியில்தான் இருக்கிறது.