ஜன்னல் கம்பியில் ஒரு தண்ணீர் பாட்டில்

தென்காசியில் நிருபராக இருப்பவனுக்குப் பல் தேய்க்கும் முன்பே ஒரு வேலை உண்டு: குற்றாலத்தில் இன்று குளிக்கலாமா கூடாதா என்று அலுவலகத்துக்குச் சொல்லிவிட வேண்டும். உலகத்தில் எது நடந்தாலும் சாரல் காலத்தில் எங்கள் பக்கத்துக்கு முதல் செய்தி அருவிதான். மெயின் அருவியில் தடை, ஐந்தருவியில் மிதமான நீர்வரத்து, பழைய அருவியில் கூட்டம். இதையே வருடக்கணக்காக எழுதி எனக்குக் கை பழகிவிட்டது. என்னைப் போல ஊர்ப் பக்கம் நிருபராகக் காலம் தள்ளுகிறவர்களுக்குத் தெரியும், அச்சில் வந்ததைவிட வராமல் மனதில் தங்கியதுதான் நம்மிடம் அதிகம். அப்படித் தங்கியவற்றில் சில இவை. எல்லாம் ஒரு அக்காவையும் தம்பியையும் பற்றியவை.

சோகமாக நிற்பது எப்படி

இலங்கையில் அரிசிக்கும் பால்மாவுக்கும் வரிசையில் நின்ற காலத்தில் கடல் கடந்து வந்த குடும்பம் அது. மண்டபம் முகாமில் சில காலம் வைத்திருந்து, தாய்மாமன் இங்கே இருக்கிறார் என்பதால் எங்கள் ஊர்ப் பக்கத்து முகாமுக்கு மாற்றினார்கள். ஜெசிந்தா என்ற தாய். பதினோரு வயது மகள் டிலானி. ஐந்து வயது மகன் ரொஷான். தகப்பன் மன்னாரிலேயே நின்றுவிட்டார். படகு எடுக்கும்போது படகுக்காரன் தலைகளை எண்ணிப் பார்த்து, ஒன்று அதிகம் என்று அவரை இறக்கிவிட்டானாம். அடுத்த படகில் வருவதாகச் சொல்லியிருக்கிறார். அந்த அடுத்த படகு வரவே இல்லை. மணல் திட்டில் இறக்கிவிடப்பட்டுக் கடலோரக் காவல்படைக்குக் காத்திருந்த நேரமெல்லாம் டிலானி தம்பியின் கையை விடவில்லை என்று ஜெசிந்தா சொன்னார்.

அவர்களைப் பற்றி நான் எழுதிய செய்தி அச்சில் வந்தது, படம் வரவில்லை. படத்தில் இரண்டு பிள்ளைகளும் சிரித்துக்கொண்டிருந்தார்கள், அகதிச் செய்திக்குச் சிரிக்கிற படம் போடுகிற வழக்கம் எங்கள் அலுவலகத்தில் இல்லை. புகைப்படக்காரர் இசக்கி மேல் குற்றமில்லை. அவர் தன்னால் ஆனமட்டும் முயன்றார். கொஞ்சம் சோகமா நில்லுங்க பிள்ளேளா என்று கேட்டுப் பார்த்தார். டிலானி தம்பியின் சட்டையை இழுத்து நேராக்கிவிட்டு, மிகுந்த மரியாதையோடு இசக்கியிடம் கேட்டாள்: "சோகம் எண்டால் எப்பிடி அண்ணா? அழவோ, இல்லாட்டிச் சும்மா நிக்கவோ?"

எழுதாமல் இருப்பதற்குச் சம்பளம்

முகாமுக்குப் பக்கத்தில் ஒரு நடுநிலைப் பள்ளி. ஒன்று முதல் எட்டு வரை. ரொஷானை ஒன்றாம் வகுப்பில் உடனே சேர்த்துக்கொண்டார்கள். டிலானிதான் சிக்கல். இலங்கையில் மூன்றாம் வகுப்போடு படிப்பு நின்றுபோயிருந்தது, கையில் மாற்றுச் சான்றிதழ் கிடையாது. தலைமையாசிரியர் கெட்ட மனிதர் இல்லை, பயந்த மனிதர். நாளைக்கு ஆடிட்டில் யாராவது கேட்டால் நான்தான் நிற்க வேண்டும் என்றார். ஆறாம் வகுப்பு ஆசிரியை சபூரா, வயதுக்குத் தக்க வகுப்பில் சேர்க்கலாம் என்று சட்டமே இருக்கிறது என்றார். அதையும் எழுத்தில் கொடுங்கள் என்றார் தலைமையாசிரியர்.

நான் ஒன்றும் மிரட்டவில்லை. மரம் நடும் விழாச் செய்தி வாங்கப் போன இடத்தில், இந்தப் பிள்ளை விஷயத்தை எழுதலாமா வேண்டாமா என்று அவரிடமே யோசனை கேட்டேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மறுநாள் ஆறாம் வகுப்புக்கு அனுப்பச் சொன்னார், ஆனால் இரண்டு மாதம் பார்ப்பேன், ஒழுங்காக உட்காரவில்லை என்றால் மூன்றாம் வகுப்புதான் என்றார். வாசல் வரை வந்து வழியனுப்பும்போது கேட்டார்: "ஏன் அண்ணாச்சி, இப்படி எழுதாம இருக்கதுக்கும் உங்களுக்குச் சம்பளம் உண்டா?"

பெயர் கூப்பிட்டால்

முகாமில் தணிக்கை என்று ஒன்று உண்டு. வருவாய்த் துறையிலிருந்து ஒருவர் வந்து மேஜை போட்டு உட்கார்ந்து குடும்பம் குடும்பமாகப் பெயர் கூப்பிடுவார். கூப்பிட்டதும் குடும்பத்தில் உள்ள அத்தனை பேரும் மேஜைக்கு முன்னால் வந்து நிற்க வேண்டும். ஒருவர் குறைந்தாலும் எங்கே, ஏன் என்று கேள்வி வரும். முகாமில் பிறந்த பிள்ளைகள்கூட நடக்கத் தெரிந்ததும் கற்றுக்கொள்கிற முதல் காரியம் இதுதான்.

டிலானியின் முதல் நாள். சபூரா டீச்சர் வருகைப் பதிவு எடுத்தார். ஒவ்வொரு பிள்ளையாக 'உள்ளேன் டீச்சர்' சொல்லி வந்தது. டிலானி பெயர் வந்ததும் அவள் எழுந்தாள், ஒன்றும் சொல்லாமல் வெளியே போய்விட்டாள். அவசரமாக இருக்கும் என்று டீச்சர் நினைத்துக்கொண்டார். சற்று நேரத்தில் ஒன்றாம் வகுப்பிலிருந்து தம்பியை மணிக்கட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்துவிட்டாள். அவன் கையில் அந்த வகுப்பு சாக்பீஸ் அப்படியே இருந்தது. அவன் தலையை விரலால் வாரிவிட்டு, மேஜைக்கு முன்னால் அவனோடு சேர்ந்து நின்றாள். வகுப்பே சிரித்தது. டிலானி டீச்சரை மட்டும் பார்த்துச் சொன்னாள்: "அம்மா முகாமில நிக்கிறா. அப்பா கடலுக்கு அங்கால. மிச்ச எல்லாரும் வந்திருக்கிறம்."

ரொஷானின் படிப்பு

அக்காவுக்கு இருந்த கவலை எதுவும் தம்பிக்கு இல்லை. காலையில் பள்ளியில் கொடுக்கும் பொங்கலையோ உப்புமாவையோ சாப்பிட்டுவிட்டு ஊர்ப் பையன்களோடு மண்ணில் புரண்டான். ஒரு மாதத்தில் அவனுக்கு நம் ஊர்ப் பேச்சு வந்துவிட்டது. வீட்டில் அவர்கள் பேச்சு, பள்ளியில் நம் பேச்சு என்று வேலி தாண்டும் ஆடு மாதிரி இரண்டு பக்கமும் மேய்ந்தான்.

ஒரு நாள் நான் முகாமுக்குப் போயிருந்தபோது, சாப்பிட வா என்று கூப்பிட்ட தாய்மாமனைப் பார்த்து, சும்மா இரிலே என்று சொல்லிவிட்டான். மாமன் ஆள் ஆறடி. அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. ஜெசிந்தா என் பக்கம் திரும்பிக் கேட்டார்: "ஒரு மாசம் பள்ளிக்கூடம் போய் இவன் படிச்சது இதுதானோ, ஐயா?"

பாட்டில்

டிலானி உட்கார்ந்தாள், படித்தாள், கணக்கில் பிழை விடவில்லை. ஆனால் ஒவ்வொரு மணி அடித்ததும் முற்றத்தைக் கடந்து ஓடுவாள். ஒன்றாம் வகுப்பு வாசலில் நின்று தம்பி இருக்கிறானா என்று பார்ப்பாள். திரும்பி வருவதற்குள் பாடம் பாதி தாண்டியிருக்கும். திட்டினால் கேட்டுக்கொள்வாள், அடுத்த மணிக்கும் ஓடுவாள். தலை எண்ணுகிற இடத்தில் கையை விட்டால் ஒருவரை விட்டுவிட்டுப் போய்விடுவார்கள் என்பது அவளுக்குக் கடலில் கிடைத்த பாடம். அதைச் சபூரா டீச்சரால் அழிக்க முடியவில்லை.

டீச்சர் ஒரு வழி கண்டுபிடித்தார். டிலானியை ஜன்னலோரம் உட்கார வைத்தார். முற்றத்துக்கு எதிர்ப்புறம் ஒன்றாம் வகுப்பு ஜன்னல் தெரியும். அந்தக் கம்பியில் ரொஷானின் நீலத் தண்ணீர் பாட்டிலைத் தொங்கவிட ஏற்பாடு. பாட்டில் தொங்கினால் தம்பி இருக்கிறான். டிலானி ஓடுவதை நிறுத்தினாள். தலையைத் திருப்பிப் பார்ப்பாள், மறுபடி கரும்பலகைக்கு வருவாள்.

ஒரு வாரம் கழித்து ஒன்றாம் வகுப்பு டீச்சர் ஒரு புகார் சொன்னார். மதிய மணி அடித்ததும் ரொஷான் குழாயடிக்கு ஓடி, வாயை வைத்து நெடுநேரம் குடிக்கிறான். பாட்டிலோ காலையில் வந்தபடியே நிரம்பி வீட்டுக்குப் போகிறது. பாட்டிலில் இருப்பதைக் குடிக்க என்ன கேடு என்று அவனைக் கூப்பிட்டுக் கேட்டிருக்கிறார். அவன் சொன்னானாம்: "போத்தலைக் கழட்டினா அக்கா பயந்திடுவா. அதான் குடிக்கேல்ல."

ஒரு தலை குறைச்சல்

விஷயம் தலைமையாசிரியர் காதுக்குப் போனது. ஒரு பிள்ளை ஜன்னலையே பார்ப்பதும் இன்னொரு பிள்ளை தாகத்தோடு உட்கார்ந்திருப்பதும் பள்ளிக்கூடம் நடத்துகிற முறையா என்று கேட்டார். அவர் சொன்ன தீர்வு பார்வைக்கு நியாயமாகவே இருந்தது. மூன்றாம் வகுப்பு, ஒன்றாம் வகுப்புக்கு அடுத்த அறை. டிலானியை அங்கே மாற்றிவிட்டால் தம்பியின் சத்தமே கேட்டுக்கொண்டிருக்கும், பாட்டிலும் வேண்டாம், ஓட்டமும் வேண்டாம். பதினோரு வயதுப் பிள்ளை எட்டு வயதுப் பிள்ளைகளோடு உட்கார்ந்தால் எத்தனை நாள் பள்ளிக்கூடம் வரும் என்பதை அவர் யோசிக்கவில்லை. முகாமில் பாதியில் நின்ற பிள்ளைகளைக் கேட்டால் சொல்லியிருப்பார்கள்.

சபூரா டீச்சருக்கு ஊர் அச்சன்புதூர். கணவர் ரியாத்தில். வீட்டில் இரவுச் சாப்பாட்டின்போது மகள், தகப்பன் முகம் தெரிகிற போனைத் தண்ணீர்ச் செம்பில் சாய்த்து வைப்பாள், வாப்பாவும் பந்தியில் இருக்கிற கணக்கு. இதை ஒரு முறை சிரித்துக்கொண்டே என்னிடம் சொல்லியிருக்கிறார். அன்றைக்குச் சிரிக்கவில்லை. தலைமையாசிரியரிடம் குரலை உயர்த்தாமல் சொன்னார்: "எங்க வீட்லயும் ஒரு தலை எப்பவும் குறைச்சல்தான் சார். அதுக்காக எம் மவளை யாரும் மூணு வகுப்பு கீழ போடலியே."

பழைய அருவி

தலைமையாசிரியர் ஒரு நிபந்தனை வைத்தார். ஆடி மாதத்தில் ஆறு முதல் எட்டு வரை உள்ள வகுப்புகளைக் குற்றாலத்துக்கு அழைத்துப் போவது அந்தப் பள்ளி வழக்கம். சின்ன வகுப்புகள் கிடையாது. அந்த ஒரு நாள் டிலானி தம்பியை விட்டு இருந்துவிட்டு வந்தால் ஆறாம் வகுப்பு, இல்லாவிட்டால் மறுநாளே மூன்றாம் வகுப்பு. டிலானி வயிற்றுவலி என்றாள். அம்மா சொல்லியும் அசையவில்லை. கடைசியில் அவளை அசைத்தவன் ரொஷான். குற்றாலத்துக் கடைகளில் ரம்புட்டான் விற்பதாக யாரோ அவனிடம் சொல்லியிருந்தார்கள். இலங்கையில் தின்ற பழம். வாங்கி வா என்று ஒரே பிடிவாதம்.

அன்று காலை மெயின் அருவியில் வெள்ளம், தடை. ஐந்தருவியிலும் தடை. பழைய அருவியில் குளிக்க அனுமதி உண்டா என்று அன்றைக்குத்தான் நான் செய்திக்காக இல்லாமல் கேட்டேன். உண்டு என்றார்கள். நானும் இசக்கியும் குடையோடு தூரத்தில் நின்றோம். பெண்கள் பக்கத்தில் பிள்ளைகள் கூச்சலிட்டுக்கொண்டு இறங்க, டிலானி மட்டும் கையைக் கட்டிக்கொண்டு ஈரப் பாறையில் நின்றாள். அவள் கடைசியாகப் பார்த்த பெரிய தண்ணீர் கடல்தான். சபூரா டீச்சர் சுடிதாரோடு உள்ளே போய்த் தலையைக் கொடுத்துவிட்டு, பிறகு கையை மட்டும் வெளியே நீட்டினார். அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு டிலானியும் உள்ளே போனாள். அருவிக்குக் கீழே நின்றவர்களுக்குத் தெரியும், அந்த அடியில் எந்த நினைப்பும் நிற்காது. ஒரு தடவை வெளியே வந்தவள் தானாகவே திரும்ப ஓடினாள். கடைசியில் அவளைத்தான் இழுத்து வர வேண்டியிருந்தது.

பஸ்ஸில் தலைகளைச் சபூரா டீச்சர் எண்ணினார். டிலானி எண்ணவில்லை. மடியில் ரம்புட்டான் பையோடு, ஈரத் தலையை டீச்சர் தோளில் சாய்த்துத் தூங்கிப்போனாள். நாங்கள் வண்டியில் பின்னாலேயே வந்தோம், செய்திக்காக என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டோம். பள்ளி வாசலில் தலைமையாசிரியர் பஸ்ஸுக்குள் எட்டிப் பார்த்து, பிள்ளை அழுததா என்று கேட்டார். டீச்சர் தன் தோளைக் காட்டினார். அவர், ஆறாம் வகுப்புப் பிள்ளையை எழுப்புங்கள், வீட்டுக்குப் போகட்டும் என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

டிலானி இறங்கியதும் அவள் கண் ஒன்றாம் வகுப்பு ஜன்னலுக்குப் போனது. கம்பியில் பாட்டில் இல்லை. ஓட ஒரு அடி எடுத்து வைப்பதற்குள் சத்துணவுக் கூடத்துக்குப் பின்னாலிருந்து ரொஷான் ஓடி வந்தான், கையில் அந்த நீலப் பாட்டில். மூடியைத் திறந்து, ஒரு சொட்டும் விழவில்லை என்று காட்டுவதற்காக அதைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு சொன்னான்: "இஞ்ச பார் அக்கா, இண்டைக்கு முழுக்கக் குடிச்சிட்டன்."

இத்தனை வருடம் தண்ணீர் வருவதை மட்டுமே செய்தியாக எழுதிய எனக்கு, ஒரு பாட்டிலில் தண்ணீர் தீர்ந்துபோனதை எந்தப் பக்கத்தில் போடுவது என்று இன்றுவரை தெரியவில்லை.