மிக்ஸி முகாம்

கொட்டாரம் பக்கம் ஒரு மேல்நிலைப் பள்ளியில் தொழிற்கல்விப் பிரிவுக்கு நான் பொறுப்பாசிரியை. மின்வேலை கற்றுத் தருவோம். மார்க் குறைந்த பிள்ளைகளைத் தள்ளிவிடும் இடம் என்று ஊரில் எங்களுக்கு நல்ல பெயர். அந்த ஜூனில் தலைமையாசிரியர் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார், பதினோராம் வகுப்பில் பதினைந்து பேர் சேராவிட்டால் பிரிவை மூட வேண்டியதுதான் என்று. பதினான்கு பேர்தான் சேர்ந்திருந்தார்கள். வந்த கோபத்தில் அன்று நான் டீயைக்கூடத் தொடவில்லை.

அது மின்வெட்டுக் காலம். கரண்ட் போவதும் வருவதுமாக இருந்ததில் வீட்டுக்கு வீடு மிக்ஸி புகைந்துகொண்டிருந்தது. எங்கள் பக்கம் தேங்காய் அரைக்காமல் மீன்குழம்பு ஏது? பிள்ளைகளின் வேலையை ஊர் பார்க்கட்டும் என்று, சேர்க்கையின் கடைசி நாளன்று இலவசமாக மிக்ஸி பழுதுபார்க்கும் முகாம் வைத்தேன். பன்னிரண்டாம் வகுப்புப் பிள்ளைகள் மதியத்துக்குள் எல்லாவற்றையும் ஓடவைத்துவிட்டார்கள். அதோடு நான் சும்மா இருந்திருக்கலாம். பளபளவென்று துடைத்து வைக்கச் சொன்னேன். துடைத்த துடைப்பில், எது யாருடையது என்று சாக்பீசால் எழுதியிருந்த நம்பர்களும் போய்விட்டன.

வாங்க வந்த பெண்கள் மேஜையைச் சூழ்ந்தார்கள். எல்லாம் அரசு இலவசமாகக் கொடுத்த ஒரே மாதிரி வெள்ளை மிக்ஸி. தேங்காய்க் கறையை வைத்தாவது அடையாளம் கண்டிருப்பார்கள், அதையும் நான் விட்டுவைக்கவில்லை. இருப்பதில் புதிதாகத் தெரிந்த ஒன்றை நாலு பேர் பிடித்து இழுத்தார்கள். தலைமையாசிரியர் வராந்தாவில் கைகட்டி நின்று பார்த்தார். பிரிவு இன்றோடு முடிந்தது என்றே நினைத்தேன்.

அப்போது பன்னிரண்டாம் வகுப்பின் ஒரே மாணவி முன்னால் வந்தாள்.

"அக்கா, ஒங்க மிக்ஸி என்ன செஞ்சுது? சொல்லுங்கோ."

"கருகின மணம் வந்துது மக்கா. பொறவு சுத்தவே இல்ல."

இரண்டு மூன்றின் அடியைக் கழற்றிப் பார்த்துவிட்டு ஒன்றை நீட்டினாள். "இதுதான். இதுல மோட்டாருக்குப் புது கார்பன் போட்டோம்."

அதன்பிறகு சத்தம் அடங்கியது. ஆஸ்பத்திரியில் நோய் சொல்வதுபோல ஒவ்வொருவராகச் சொல்லி வாங்கிப் போனார்கள். கடைசியாக நின்றவள் கடற்கரைப் பக்கத்துப் பெண். கூடவே நின்ற, பத்தாம் வகுப்பு முடித்த அவள் மகளுக்கு எங்கள் பிரிவில் சேர ஆசை. கரண்ட் வேலை பெண்ணுக்கு எதற்கு என்று காலையில்தான் அந்தத் தாய் சேர்க்கைப் படிவத்தை வாங்காமல் முகத்தைத் திருப்பியிருந்தாள்.

"ஒங்களுக்குள்ளதுல ஒயரு மட்டும் விட்டிருந்துது. நான்தான் ஒட்டினேன்" என்றாள் மாணவி.

"ஏட்டி, ஒனக்கு ஷாக் அடிக்காதா?"

"பிளக்கைப் புடுங்கிட்டுதான தொடுவேன்!"

அந்தத் தாய் சிரித்துவிட்டாள். ஒட்டிய இடத்தைக் குனிந்து பார்த்தாள். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"டீச்சரே, அந்தப் பேப்பரத் தாருங்கோ. இவ சேரட்டு."

தலைமையாசிரியரே தன் பேனாவை நீட்டினார். எனக்குக் கண் நிறைந்துவிட்டது. கையெழுத்துப் போட வேண்டிய மகளைத் தேடினால், அவள் ஏற்கெனவே மேஜைக்கு அந்தப்புறம் போய், ஸ்க்ரூ டிரைவரைக் கையில் எடுத்திருந்தாள்.