அம்மாவின் செருப்பும் பாதாள ஸ்டேஷன் தரையும்

எங்கள் செஞ்சிக்கு ரயில் கிடையாது. ரயில் பிடிக்க வேண்டுமென்றால் பஸ் ஏறித் திண்டிவனம் போக வேண்டும். அப்படிப்பட்ட ஊரில், பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு மாடி அறையில் உட்கார்ந்துகொண்டு, சென்னையின் பூமிக்கடியில் ஓடும் மெட்ரோவுக்கு நான் ஸ்டேஷன் வரைகிறேன். எல்லாம் கம்ப்யூட்டரில்தான். ஆபீஸ் அங்கே, நான் இங்கே. "ரயிலே வராத ஊர்ல குந்திக்கினு பாதாள ரயிலு உடுறியா?" என்று கீழே டீக்கடைக்காரர் கேட்காத நாளில்லை. ஆமாம், விடுகிறேன். அதற்கென்ன இப்போது?

தரை என் பொறுப்பு. சுவர், தூண், கூரை எல்லாம் வேறு ஆட்கள் பார்க்கிறார்கள். ஜனங்கள் அண்ணாந்து பார்ப்பதெல்லாம் அவர்களுடையது, மிதிப்பது மட்டும் உன்னுடையது என்று ஆபீஸில் கிண்டல் செய்வார்கள். செய்யட்டும். ஸ்டேஷனுக்கு வருகிற ஒவ்வொருவரும் தவறாமல் தொடுவது தரையைத்தான்.

நான் வரைந்த முதல் ஸ்டேஷன் திறந்ததும் அம்மாவை அழைத்துப் போனேன். முகம் பார்த்துப் பொட்டு வைத்துக்கொள்ளலாம், அப்படி மெருகேற்றிய கருங்கல் தரை. எனக்குத் தலைகால் தெரியாத பெருமை. பேசிக்கொண்டே ரயிலேறி, கொஞ்ச தூரம் போய் வேறொரு ஸ்டேஷனில் இறங்கி, எஸ்கலேட்டரில் வெளியே வந்தோம். சித்திரை வெயில். தார் ரோட்டில் கால் வைத்த அம்மா துள்ளினாள். அப்போதுதான் பார்த்தேன், காலில் செருப்பு இல்லை.

"செருப்பு எங்கம்மா?"

"அங்கதான். படி எறங்கறதுக்கு முன்னாடி ஓரமா உட்டேன். திரும்பி வந்து போட்டுக்கலாம்னு."

அம்மாவைப் பொறுத்தவரை உள்ளே போகிற இடத்துக்கு ஒரு வாசல்தான். போன வழியாகத்தான் வருவார்கள். சிரிக்க வேண்டிய விஷயம். எனக்கோ ஆத்திரம் பொங்கியது. நடுரோடு என்றும் பார்க்காமல் கத்தினேன்.

"அது இன்னா கோயிலா? எதுக்குக் கழட்டின?"

அம்மா மரத்து நிழலில் ஒதுங்கி, ஒரு காலை மறு கால்மேல் வைத்துக்கொண்டு சொன்னாள்: "தர அப்டி பளபளன்னு இருந்தா காலு தானா கழட்டுதுடி. நான் இன்னா பண்ண?"

திரும்பப் போய்ப் பார்த்தோம். விட்ட இடத்திலேயே ஜோடியாக இருந்தது. அம்மா மாட்டிக்கொண்டாள். எனக்குத்தான் மனசு ஆறவில்லை.

ஏனென்றால் அந்தக் கால்களைப் பழக்கியது யாரென்று எனக்குத் தெரியும். அம்மா பிறந்த கிராமத்தில், எங்கள் ஜனங்கள் பள்ளிக்கூடம் போக ஊர்த்தெருவைத் தாண்ட வேண்டும். தெருமுனையில் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொள்ள வேண்டும். ஓரமாகவே நடந்து, அந்தக் கோடியில் போய்ப் போட்டுக்கொள்ள வேண்டும். யாரும் எழுதி ஒட்டவில்லை, ஆனால் நண்டு சிண்டுக்குக்கூடத் தெரியும். இன்று அதே தெருவில் எங்கள் பிள்ளைகள் பைக்கில் பறக்கிறார்கள். அம்மாவின் கால் மட்டும் எதையும் மறக்கவில்லை. மகள் வரைந்த தரையிலும் அந்தத் தெரு வந்து படுத்துக்கொண்டதே !

அடுத்த ஸ்டேஷனுக்கு, அம்மி கொத்தியது போலச் சொரசொரப்பான கல்லை வரைந்து அனுப்பினேன். வீடியோ மீட்டிங்கில் என் சீனியர் ஒத்துக்கொள்ளவில்லை. மெருகு இருந்தால்தான் வெளிச்சம் பரவும், பூமிக்கடியில் மூச்சு முட்டாது என்றார். அதுவும் நியாயம்தான். மழைக்காலத்தில் வழுக்கும் என்றேன். வாசலில் கால்மிதி போட்டுவிடலாம் என்றார். கடைசியில் நடந்ததை நடந்தபடியே சொன்னேன். ஸ்கிரீனில் இருந்த முகங்கள் எல்லாம் சிரித்தன.

"உங்க அம்மாவுக்காகவா ஸ்டேஷன் கட்டறோம்?" என்றார் சீனியர்.

"ஆமா சார். எங்க அம்மாவுக்காகத்தான்."

சிரிப்பு நின்றது. அவர் வேறு பேச்சுக்குத் தாவினார், நான் விடவில்லை. அவர்கள் திருத்தித் திருத்தி அனுப்பினார்கள், நான் திரும்பத் திரும்ப அதையே வரைந்து அனுப்பினேன். வேலை போனால் போகட்டும் என்றுதான் இருந்தேன். இழுபறிக்குப் பிறகு ஒரு சமாதானம் வந்தது: நடுவில் மெருகேற்றிய கல், இரண்டு பக்கமும் சுவரையொட்டிச் சொரசொரப்புக் கல். பாதியாவது ஜெயித்தோமே என்று நினைத்துக்கொண்டேன்.

ஒருவழியாக அந்த ஸ்டேஷனும் திறந்தது. அம்மாவோடு போனேன். படிக்கட்டின் உச்சியில் அவள் நின்றாள். செருப்பின் வாருக்குள் கால்விரல்கள் நெளிந்தன. கழற்றாமலேயே இறங்கி வந்தாள். கீழே வந்து தரையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தாள்.

"இதுல எது நீ போட்ட கல்லு?"

சுவரோரத்தைக் காட்டினேன். "அதுல நடம்மா. வழுக்காது. செருப்போட தைரியமா போவலாம்."

அம்மா அந்தக் கல்லைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

"இங்கயும் ஓரமாத்தான் போவணுமா?" என்றாள்.

அவள் புடவையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு, செஞ்சி மண் ஒட்டிய செருப்போடு, அந்தப் பளபளப்பின் நட்டநடுவே நடந்து போனாள்.