பிரிக்ஃபீல்ட்ஸில் பூத் தொடுக்கும் இருவர்

பிரிக்ஃபீல்ட்ஸ் பூக்கடையில் முக்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறேன். கிள்ளானில் மோட்டார் சைக்கிள் மோதி வலக்கை முறிந்த என் மகள், இடக்கையால் மல்லிகையை இரண்டிரண்டாக எடுத்து நீட்டுகிறாள். கடைக்கார ஆன்டி நிமிராமலே வாங்கித் தொடுக்கிறார். இருவருக்கும் பேச்சே தேவைப்படவில்லை. விபத்தன்று மருத்துவமனையிலிருந்து முதல் போன் போனதும் இவருக்குத்தான். மதுரையில் இருந்த எனக்கு மறுநாள்தான் தெரிந்தது. தெரிந்ததும் விமானம் ஏறி இந்த நாட்டுக்கு வந்தேன்.

"அக்கா, நீங்க தமிழ் டீச்சர்தானே? பூ கட்டறதை ஏன் தொடுக்கிறதுன்னு எழுதுறாங்க?" என்று கேட்கிறார் ஆன்டி.

"தொடுங்கிறதுல இருந்து வந்தது. ஒரு காம்பு இன்னொண்ணைத் தொடுற மாதிரி நார் சேர்க்குது இல்லையா? தொடர், தொடர்பு எல்லாமே அதே வேர்தான். அம்பும் தொடுப்பாங்க, வழக்கும் தொடுப்பாங்க." கடைசி வார்த்தைகளில் என் குரல் தடித்துவிடுகிறது.

"அய்யோ, கேஸ்லாம் வேணாம் லா!" இந்த ஊர் வழக்கப்படி ஒரு 'லா' சேர்த்து ஆன்டி சிரிக்கிறார். மகளும் சேர்ந்து சிரிக்கிறாள். என்னோடு அவள் இப்படிச் சிரித்து வெகு நாளாகிறது.

ஆன்டி ஒரு முழம் நறுக்குகிறார். மகள் வழக்கம்போல அவருக்கு முதுகு காட்டித் திரும்பி உட்காருகிறாள். நான் எழுந்து அவர் கையிலிருந்து சரத்தை வாங்கிப் பின்னலில் வைக்கிறேன். ஹேர்பின் தலையில் குத்திவிடுகிறது.

"மெதுவா லா, ஆன்டி!" என்கிறாள், திரும்பாமலே.

"சரிம்மா, சரி," என்று எனக்காக ஆன்டியே பதில் சொல்கிறார். நான் பின்னலை விடவில்லை.